அறுபத்தாறாவது மாடி

"ஆறு மாசம்தான். கண்ணை மூடித் திறக்கிறதுக்குள்ள முடிஞ்சிடும்."

"நான் ஒண்ணும் கேக்கலையே."

"நீ வேணாம்னு சொன்னா நான் போகல. இப்பவே சொல்லிடு."

"நான் எதுக்கு வேணாம்னு சொல்லணும்? உங்க குறட்டை இல்லாம நிம்மதியா தூங்குவேன். தாராளமா போயிட்டு வாங்க."

"நிஜமா?"

"பெட்டியை மூடுங்க. ஜிப் உடையப் போகுது."

இந்தப் பேச்சு நடந்து மூன்று வருஷம் இரண்டு மாதம் ஆகிறது. கம்ப்யூட்டர் நிரலில் எந்த வரியில் தப்பு என்று தேடிப் பிடிப்பதே தொழிலாகக் கொண்டவள் அவள். ஆகவே இதிலும் தப்பு எந்த வரியில் என்பது அவளுக்கு நன்றாகத் தெரியும். நாலாவது வரி. 'தாராளமா' என்ற சொல்லை அதற்குப் பிறகு அவள் கடை கண்ணியில்கூடப் பயன்படுத்துவதில்லை.

ஆறு மாதம் என்பது கம்பெனிக் கணக்கில் எவ்வளவு என்று யாரும் அவளுக்குச் சொல்லவில்லை. முதலில் 'இன்னும் மூன்று மாதம்' என்றார்கள். பிறகு 'இந்த ஒரு கட்டடம் மட்டும்' என்றார்கள். அந்த ஒரு கட்டடம் இருபத்திரண்டு மாடிக்கு வளர்ந்து, கீழே மூன்று தளம் தோண்டிக்கொண்டு, எட்டு மாதமாக அவள் கணவனை வீட்டுக்கே அனுப்பாமல் பிடித்துவைத்திருந்தது. 'திரும்பி வந்துடுங்க' என்று சொன்னால் வந்திருப்பான். ஆனால் கேட்டு, அவன் 'பார்க்கலாம்' என்று சொல்லிவிட்டால்? கேட்காதவரை அந்தப் பயம் இல்லை. அதனால் கேட்காமலே மூன்று வருஷத்தை ஓட்டிவிட்டாள். கெட்டிக்காரி.

இருவருக்கும் ஒரே கம்பெனி. லிஃப்டுகளின் கட்டுப்பாட்டுக் கருவி செய்கிற கம்பெனி. அவன் லிஃப்டைப் பொருத்தி ஓடவிடுகிற பொறியாளர். அவள், லிஃப்ட் பேசுவதை மனிதர்களுக்குப் புரியவைக்கிறவள். லிஃப்ட் பேசுமா என்று கேட்டால், வாயாடும். நான் நாலாவது மாடியில் இருக்கிறேன், கதவு திறந்திருக்கிறது, உள்ளே இத்தனை கிலோ நிற்கிறது என்று நொடிக்குப் பத்து தடவை கேபிள் வழியாக ஒப்பித்துக்கொண்டே இருக்கும். என்ன, எல்லாம் வெறும் எண்களாக ஒப்பிக்கும். அதைப் பிடித்துத் திரையில் காட்ட ஒரு புரோகிராம் உண்டு. அது சுத்தக் கைநாட்டு. கொடுத்த எண்ணை அப்படியே வரிசையாகக் கொட்டும். அதற்கு எழுத்தறிவு கொடுப்பதற்காக அவள் ஒரு சின்னக் கோப்பு எழுதியிருந்தாள். லைப்ரரி என்பார்கள். புரோகிராம் திறக்கும்போதே அந்த லைப்ரரியைக் கூப்பிட்டுப் பக்கத்தில் உட்காரவைத்துக்கொள்ளும். இந்த எண் மாடி, இந்த எண் கதவு, இது எடை என்று லைப்ரரி சொல்லச் சொல்ல, புரோகிராம் ஏதோ தனக்கே தெரிந்த மாதிரி திரையில் எழுதும். கம்பெனியின் பதினொரு கிளைகளுக்கும் அந்த ஒரே லைப்ரரிதான். அது சரியாக ஓடும்வரை அவள் ஒருத்தி இருப்பதே யாருக்கும் ஞாபகம் வராது. ஓடாத அன்று பதினொரு கிளைக்கும் அவள் நம்பர் மனப்பாடமாகத் தெரிந்துவிடும்.

கம்பெனிக் காகிதங்களில் அவள் பெயர் 'டிகோடர் குழு'. அந்தக் குழுவில் அவளும், ஐந்து சக்கரத்தில் மூன்று மட்டும் மிஞ்சிய ஒரு நாற்காலியும் இருந்தார்கள். "மெஷின் பேசுறதெல்லாம் புரியுது, வீட்டுக்காரர் பேசுறது புரியலையா?" என்ற நகைச்சுவையை இதுவரை நாற்பத்தொரு பேர் அவளிடம் சொல்லியிருக்கிறார்கள். ஒவ்வொருவரும் தானே கண்டுபிடித்த பெருமையோடு சொன்னார்கள். அவளும் ஒவ்வொருவருக்கும் புதிதாகச் சிரித்துவைத்தாள்.

வீட்டில் மாமியார் இருந்தாள். பிள்ளை கிளம்பிய புதிதில், "ஒரு வாரம் உனக்குத் துணையா இருந்துட்டுப் போறேன்" என்று ஒரு பையோடு வந்தவள். அந்த வாரம் இன்னும் முடியவில்லை. அந்தக் குடும்பத்தில் யாருடைய கால அளவையும் நம்புவதற்கில்லை.

ஞாயிற்றுக்கிழமை காலை பதினொரு மணிக்கு அவனிடமிருந்து போன் வரும். படம் தெரியாது. 'இங்க லைன் சரியில்ல, வீடியோ போட்டா அறுந்துடும்' என்பான். ஊருக்கெல்லாம் கேபிள் இழுத்து லிஃப்டுகளைப் பேசவைக்கிறவனுக்கு அவன் அறையில் மட்டும் லைன் சரியில்லை. எட்டு மாதமாக.

"இங்கயே பெர்மனென்ட்டா இருக்கச் சொல்றாங்க," என்றான் அந்த ஞாயிறு. "வெள்ளிக்கிழமை சாயந்திரம் நாலு மணிக்குள்ள கையெழுத்து போட்டுக் குடுக்கணுமாம்."

"ஓ."

"நீ என்ன சொல்ற?"

"உங்க இஷ்டம்."

"எனக்குன்னு ஒண்ணும் இல்ல. உனக்கு எப்படியோ அப்படி."

"எனக்கென்ன இருக்கு?"

"சரி. சாப்பிட்டியா?"

"ஆச்சு. நீங்க?"

"பிரமாதமா. இந்த மெஸ் சாப்பாட்டுல தொப்பையே போட்டுடுச்சு போ."

போனை வைத்தபோது மாமியார் மேசையில் துணி மடித்துக்கொண்டிருந்தாள்.

"என்ன சொன்னான்?"

"எல்லாத்தையும் கேட்டுட்டுத்தானே இருந்தீங்க அத்தை."

"உன் பக்கம் மட்டும்தான் கேட்டுச்சு. அதுல ஒண்ணுமே இல்ல."

"அவ்வளவு அக்கறைன்னா நீங்களே வரச் சொல்லுங்களேன்."

"நான் சொன்னா வருவான். அம்மாவுக்கு உடம்பு முடியலன்னு நினைச்சு அலறி அடிச்சிட்டு வருவான். கல்லு மாதிரி இருக்கேன்னு தெரிஞ்சதும் அடுத்த வண்டியில திரும்பிடுவான். வேணுங்கிறவ கேக்கணும்."

"எனக்கு வேணும்னு யார் சொன்னா?"

"யாரும் சொல்லல தாயே. மாசத்துக்கு ஒரு தடவை அவன் சட்டையை எல்லாம் துவைச்சு மடிச்சு வைக்கிறியே, போட்டுக்காத சட்டை எப்படி அழுக்காகுதுன்னுதான் எனக்குப் புரியல."

அவள் மாமியார் கையில் இருந்த சட்டையைப் பிடுங்கி அலமாரியில் வைத்தாள். மடிப்புக் கலையாமல்தான் வைத்தாள்.

புதன்கிழமை காலை அலுவலகத்தில் திரையைத் திறந்தால் ஒரு புகார்க் கடிதம்.

'பெறுநர்: டிகோடர் குழு. பொருள்: லைப்ரரியில் பிழை. இருபத்திரண்டு மாடிக் கட்டடத்தில் மூன்றாம் எண் லிஃப்ட் அறுபத்தாறாவது மாடியில் நிற்பதாகக் காட்டுகிறது. விரைந்து சரிசெய்யுமாறு கேட்டுக்கொள்கிறோம்.'

அனுப்பியவர் இடத்தில் அவள் கணவன் பெயர். தாலி கட்டிய பெண்டாட்டிக்குப் பன்மையில் விண்ணப்பம்.

பக்கத்து இருக்கைச் சோதனைக்காரி எட்டிப்பார்த்தாள். கம்பெனி செய்வதை எல்லாம் உடைத்துப் பார்ப்பதற்காக வேலைக்கு வைத்திருந்த பெண். வாயும் அதே வேலைதான் செய்யும்.

"என்னக்கா, மாமா லெட்டர் போட்டிருக்காரா? லவ் லெட்டரா?"

"கண்ணைத் தொறந்து பாரு."

"அறுபத்தாறாவது மாடியா! நேரா சொர்க்கத்துக்கே போயிடுச்சா லிஃப்ட்?"

அதற்குள் மேலாளர் வந்துவிட்டார். அவருக்கு அலுவலகத்தில் 'உடனடி' என்று பெயர். மனிதருக்குத் தெரிந்த கால அளவு அது ஒன்றுதான்.

"திங்கட்கிழமை கட்டடம் திறக்கிறாங்க. எங்க நிக்கிறோம்னு லிஃப்டுக்கே தெரியலன்னா மானம் போகுமே!"

"லிஃப்டுக்குத் தெரியும் சார். பாக்கிறவங்களுக்குத்தான் தெரியல."

"அப்ப உங்க லைப்ரரிதான் தப்பு. உடனடியா மாத்துங்க."

"என்ன தப்புன்னு பாத்துட்டுத்தான் சார் மாத்த முடியும்."

"பாருங்க. உடனடியா பாருங்க. வெள்ளிக்கிழமை மூணு மணிக்கு எல்லாக் கிளையும் மீட்டிங்ல உக்காருவாங்க. அங்க சொல்லணும், யார் தப்புன்னு."

என்ன தப்பு என்பதைவிட யார் தப்பு என்பதில் அவருக்கு எப்போதும் ஆர்வம் அதிகம்.

அவள் கட்டடத்துக்குப் போன் போட்டாள்.

"வணக்கம். டிகோடர் குழு."

"நான்தான்."

"தெரியுது. புகார் எண் சொல்லுங்க."

"விளையாடாத. சுத்தி ஆளுங்க நிக்கிறாங்க."

"நானா விளையாடுறேன்? 'கேட்டுக்கொள்கிறோம்'னா உங்களோட சேர்ந்து இன்னும் யாரு கேக்குறாங்க?"

"அது ஃபார்ம்ல தானா வர்றது."

"சரி. லிஃப்ட் நிஜத்துல எங்க நிக்குது?"

"தரைத்தளத்துல. நான் உள்ளதான் நிக்கிறேன். லேப்டாப்புல அறுபத்தாறுங்குது."

"வெளிய வாங்க."

"வந்துட்டேன். அட, பூஜ்யம்னு காட்டுது. சரியாயிடுச்சே!"

"மறுபடி உள்ள போங்க."

"அறுபத்தாறு."

"பக்கத்துல யாரு இருக்கா?"

"வாட்ச்மேன்."

"அவரையும் ஏத்துங்க."

"நூத்து நாப்பத்தொம்பது."

பின்னால் இருந்து ஒரு கவலைக் குரல் கேட்டது: "சார், நாம மேல போயிட்டிருக்கமா சார்?"

அவளுக்கு விஷயம் பிடிபட்டுவிட்டது. இரண்டு மாதத்துக்கு முன்னால் தலைமையகத்துப் பெரியவர்கள் மூன்று மீட்டிங் போட்டு, லிஃப்ட் ஒப்பிக்கிற வரிசையை மாற்றினார்கள். முன்பு மாடி எண் இருந்த இடத்தில் இனி எடை, எடை இருந்த இடத்தில் மாடி. ஏன் என்று கேட்டவர்களுக்கு நாலாவது மீட்டிங் வைப்பதாகச் சொன்னதால் யாரும் கேட்கவில்லை. அவளும் புது வரிசையையும் பழைய வரிசையையும் படிக்கத் தெரிந்த ஒரு லைப்ரரி எழுதி எல்லாக் கிளைக்கும் அனுப்பிவிட்டாள். இந்தக் கட்டடத்து லிஃப்டுகள் புது வரிசைக்கு மாறியது நேற்றுத்தான். அவன் லேப்டாப் இன்னும் பழைய லைப்ரரியைப் பிடித்துக்கொண்டு, மாடி இருந்த இடத்தில் இப்போது நிற்கிற எடையை எடுத்து, மாடி என்று வாசித்துக்கொண்டிருந்தது.

பழையது அங்கே எப்படி வந்தது என்பதும் அவளுக்குத் தெரியும். அந்தப் புரோகிராமுக்கு ஒரு பழக்கம். முதலில் ஆளின் சொந்த ஃபோல்டரில் பார்க்கும். அங்கே ஒரு லைப்ரரி கிடைத்தால் அதையே எடுத்துக்கொண்டு, கம்பெனி கொடுத்ததைத் திரும்பியும் பார்க்காது. அதனால், சொந்த ஃபோல்டரில் இருக்கும் பழைய காப்பியை நீக்கிவிடவும் என்று சிவப்பு எழுத்தில் அறிக்கை அனுப்பியிருந்தாள். மற்றப் பத்துக் கிளையிலும் நீக்கினார்கள். அவன் மட்டும் நீக்கவில்லை. அவன் ஃபோல்டரில் இருந்தது, மூன்று வருஷத்துக்கு முன்னால், அவன் பெட்டி ஜிப்போடு மல்லுக்கட்டிக்கொண்டிருந்தபோது, அவளே அவன் லேப்டாப்பில் போட்டுக் கொடுத்த காப்பி.

'உங்க ஃபோல்டரைப் பாருங்க' என்று சொல்ல வாயெடுத்தாள். அதற்குள் அந்த எண் குறுக்கே வந்து நின்றது. அறுபத்தாறு. அது மாடி இல்லை. அது அவன்.

"என்ன, கண்டுபிடிச்சிட்டியா?"

"இன்னும் இல்ல," என்று பொய் சொன்னாள். "டூல் பை எங்க இருக்கு?"

"தோள்லதான். எதுக்கு?"

"சும்மா. சாப்பிட்டீங்களா?"

"பிரமாதமா."

டூல் பை நாலு கிலோ. புறப்பட்ட அன்று பெட்டி எவ்வளவு கனம் என்று பார்க்க, வீட்டு எடை மெஷினில் பெட்டியோடு ஒரு தடவையும் பெட்டி இல்லாமல் ஒரு தடவையும் நின்றான். பெட்டி எத்தனை கிலோ என்று அவளுக்கு நினைவில்லை. பெட்டி இல்லாமல் எழுபத்து நாலு.

அவள் அந்தக் கட்டடத்தின் பழைய பதிவுகளை எடுத்தாள். லிஃப்ட் ஒப்பித்தது அத்தனையும் எட்டு மாதத்துக்குச் சேமித்து வைத்திருந்தார்கள். எடையும் எப்போதும் அதில் உண்டு. யாருக்கும் வேண்டாத தகவல் என்பதால் யாரும் பார்த்ததில்லை. தினமும் காலை ஏழு நாற்பதுக்குப் பொறியாளர் சர்வீஸ் சாவி போட்டுத் தனியாக ஒரு தடவை மேலே போய்க் கீழே வரவேண்டும் என்பது விதி. சாவி போட்டதும் பதிவாகும். அந்தச் சாவி ஒருவனிடம்தான் இருந்தது.

முதல் மாதம் பையோடு எழுபத்தாறு. இரண்டாம் மாதமும் அதேதான், ஒரு நாள் மட்டும் எழுபத்தேழு. அன்று நிஜமாகவே நன்றாகச் சாப்பிட்டிருக்க வேண்டும். பிறகு எழுபத்தைந்து, எழுபத்து மூன்று. ஐந்தாவது மாதத்தில் ஆறு நாள் சாவியே போடவில்லை. அந்த ஆறு நாளும் பயிற்சி வகுப்பு என்று அப்போது போனில் சொன்னான். குரல் கரகரத்தது. கேட்டதற்கு, 'வகுப்புல ஏசி ஜாஸ்தி' என்றான். ஏழாவது நாள் சாவி போட்ட ஆள் பையோடு அறுபத்தெட்டு கிலோ. அவன் பிரமாதமாகச் சாப்பிட்டுத் தொப்பை போட்ட கதையை லிஃப்ட் நாள் தவறாமல் எழுதி வைத்திருந்தது. ஒரு நாள்கூட அவனுக்காக அது பொய் சொல்லவில்லை.

"என்னக்கா, ஒரே பக்கத்தை ஒரு மணி நேரமா பாக்குறீங்க?" என்றாள் சோதனைக்காரி. "இன்னுமா தப்பு கிடைக்கல?"

"கிடைச்சிடுச்சு."

"யாரு?"

"நீயும் உடனடி மாதிரியே கேக்காத."

சாயந்திரம் வீட்டுக்குப் போனதும் செருப்பைக்கூடக் கழற்றவில்லை.

"அத்தை, உங்க பிள்ளை இப்ப அறுபத்திரண்டு கிலோ."

மாமியார் கையில் இருந்த தம்ளரைக் கீழே வைத்தாள். "யாரு சொன்னா?"

"லிஃப்ட்."

வேறு நாளாக இருந்தால் இதற்கு மாமியாரிடம் ஏழெட்டுப் பதில் இருந்திருக்கும். அன்று விரலை மடக்கிக் கணக்குப் போட்டாள். "காலேஜ் சேரும்போதே அறுபத்தஞ்சு இருந்தானே," என்றாள். "இப்பவாவது பேசு."

"என்னன்னு பேச? ஏன் இளைச்சீங்கன்னா?"

"அதைக் கேட்டா மெஷின் தப்பா காட்டுதும்பான். அவன் அப்பாவும் இப்படித்தான், காய்ச்சல் வந்தா தெர்மாமீட்டரைத் திட்டுவாரு. இளைச்சதைக் கேக்காத. வரச் சொல்லு."

"அவருக்கு அங்கதான் இருக்கணும்னு இருந்தா?"

"இருந்தா இருந்துட்டுப் போறான். நீ கேட்டதாவது மிச்சம் இருக்குமில்ல."

அன்று இரண்டு தடவை போனை எடுத்தாள். முதல் தடவை, அவன் வேலையாக இருப்பான் என்று வைத்தாள். இரண்டாவது தடவை மணி அடித்து அவனும் எடுத்துவிட்டான். "கேபிள் எல்லாம் சரியா மாட்டியிருக்கான்னு பாத்துக்குங்க," என்றாள். "பாத்துட்டேன்," என்றான். மாமியார் அடுத்த அறையில் தலையில் அடித்துக்கொண்ட சத்தம் தெளிவாகக் கேட்டது. வியாழக்கிழமையும் இதே லட்சணத்தில்தான் போயிற்று.

வெள்ளிக்கிழமை மூன்று மணி. திரையில் பதினொரு கட்டம், கட்டத்துக்கு ஒரு கிளை. கடைசிக் கட்டத்தில் ஹெல்மெட்டோடு அவன். கம்பெனி மீட்டிங் என்றதும் லைன் பிரமாதமாக இருந்தது. படம் துளியும் அறுபடவில்லை. ஹெல்மெட் வாரைக் கடைசி ஓட்டைவரை இழுத்து மாட்டியும், அது தாடைக்குக் கீழே தனியாகத் தொங்கிக்கொண்டிருந்தது.

"தப்பு யார்மேல? சுருக்கமா," என்றார் உடனடி.

"லைப்ரரி சரியா இருக்கு சார். அங்க இருக்கிற பொறியாளரோட சொந்த ஃபோல்டர்ல மூணு வருஷத்துக்கு முந்தின காப்பி ஒண்ணு இருக்கு. அதை நீக்கினா போதும். மாடி சரியா வந்துடும்."

பத்துக் கட்டங்களில் நிம்மதிப் பெருமூச்சு. தப்பு அடுத்தவன்மேல் என்று உறுதியானால் மனிதர்களின் முகத்தில் தோன்றும் தெய்வீகக் களை.

"நீக்கச் சொல்லி அறிக்கை வந்துச்சா?" என்று உடனடி அவனைக் கேட்டார்.

"வந்துச்சு சார்."

"படிச்சீங்களா?"

"படிச்சேன் சார்."

"அப்புறம்?"

"நீக்கலாம்னுதான் போனேன். 'நிச்சயமா நீக்கவா'ன்னு கேட்டுச்சு. வேண்டாம்னு குடுத்துட்டேன்."

"ஏன்?"

அவன் ஹெல்மெட்டைச் சரிசெய்துகொண்டான். "தெரியல சார். அது பாட்டுக்கு அங்க இருந்துட்டுப் போகட்டும்னு."

"இது என்ன பதில்? முதல்ல, விதிக்கு விரோதமா அந்தக் காப்பியை அங்க வெச்சது யாரு?"

"நான்தான் சார்," என்றாள் அவள். "அவர் கிளம்பின அன்னைக்கு."

பக்கத்தில் சோதனைக்காரிக்குத் திடீரென்று பெரிய இருமல் வந்தது. பதினொரு கிளைக்கும் கேட்ட பிறகு மைக்கை அணைத்தாள்.

உடனடி சத்தமாகச் சொல்லிக்கொண்டே எழுதினார்: "நடவடிக்கை, நீக்குதல். பொறுப்பு, பொறியாளர். கெடு, உடனடி."

"இப்பவே செஞ்சிடறேன் சார்," என்றான். குனிந்து தட்டினான். நிமிர்ந்தபோது யாரையும் பார்க்கவில்லை. "ஆச்சு சார். தரைத்தளம்னு சரியா காட்டுது."

"நல்லது. நாலு மணிக்கு அங்க உங்களுக்கு ஏதோ கையெழுத்து வேலை இருக்காமே. கிளம்புங்க. வேற ஏதாவது இருக்கா?"

எல்லா மீட்டிங்கின் முடிவிலும் கேட்கப்படுகிற கேள்வி. பதில் சொல்லுவார்கள் என்று கேட்கிறவரும் எதிர்பார்ப்பதில்லை. பதினொரு கிளையிலும் மௌஸ்கள் வெளியேறும் பொத்தானுக்கு நகர்ந்துவிட்டன. மணி மூன்று முப்பத்தெட்டு.

"ஒண்ணு இருக்கு சார்," என்றாள்.

"லைப்ரரி சம்பந்தமாவா?"

"இல்ல சார்."

"அப்ப அப்புறமா தனியா..."

"தனியா இருந்தா சொல்ல மாட்டேன் சார். மூணு வருஷமா பாத்துட்டேன்."

சோதனைக்காரி நாற்காலியை ஓசைப்படாமல் அருகே நகர்த்தினாள். உடனடிக்கு வாழ்க்கையில் முதல்முறையாக அவசரம் எதுவும் தோன்றவில்லை. பத்து மௌஸ்களும் நின்ற இடத்திலேயே நின்றன. கடைசிக் கட்டத்தில் அவன் ஹெல்மெட்டைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டு திரைக்கு அருகே வந்தான். கன்னம் ஒட்டிப்போயிருந்தது. அவள் கீழே குனிந்துகொள்ளாமல் அந்த முகத்தையே பார்த்தாள்.

"என்னங்க, அந்தக் காகிதத்துல கையெழுத்து போடாதீங்க. எனக்கு நீங்க வேணும். வீட்டுக்கு வந்துடுங்க."